மூன்று ஊரில் மூன்று அடுப்பு

நம் குழுவில் புதிதாகச் சேர்ந்திருக்கும் பெண்களே, போன வாரம் நீங்கள் கம்ப்யூட்டரில் போட்டுக் காட்டிய படத்தைப் பார்த்தேன். ஆஸ்பத்திரிக்கு ஒரு பெரிய வட்டம், சமைக்கும் வீடுகளுக்குச் சின்னச் சின்ன வட்டம், நடுவில் கோடுகள். ஒரு கோட்டை அழித்தால் இன்னொரு கோடு தடிமனாகிறது. நன்றாக இருந்தது. நானும் இதையேதான் செய்தேன், தரையில் பாத்திர மூடிகளை வைத்து. உங்கள் படத்தில் குறை சொல்லும் அளவுக்கு எனக்குப் படிப்பு இல்லை. ஆனால் இந்த வேலையை இந்த ஊரில் தொடங்கியவள் நான். அதைச் சொல்லிக்கொள்ள வெட்கமும் இல்லை. அந்தப் படத்தில் வராத ஒரு கோட்டைப் பற்றி மட்டும் சொல்கிறேன். நீளமாகத்தான் சொல்வேன். அவசரக்காரர்கள் சாயங்காலம் படித்துக்கொள்ளுங்கள்.

முதலில் எங்களுக்கு அடுப்பு ஒன்றுதான் இருந்தது. சுரங்க டவுன்ஷிப்புக்கு வெளியே ஒரு வாடகை ஷெட். ஆஸ்பத்திரி சின்னது, அதற்கென்று சமையலறை கிடையாது. காலைச் சாப்பாடு எங்கள் பெண்கள் குழுவிலிருந்துதான் போகும். இட்லி, கஞ்சி, ஆபரேஷன் ஆனவர்களுக்குக் குழைய வடித்தது, சர்க்கரைக்காரர்களுக்குத் தனி. ஒரு புயல் வந்தது. முந்திரி மரமெல்லாம் ரோட்டில் படுத்துவிட்டது. ஷெட்டில் கரண்ட் இல்லை, ஊறின அரிசி ஊறினபடியே கிடந்தது. அன்றைக்கு வார்டில் பிஸ்கட்டைக் கொடுத்துச் சமாளித்தார்கள். படுக்கையில் கிடந்த ஒரு கிழவர் பிஸ்கட்டைத் தண்ணீரில் நனைத்துச் சாப்பிட்டதை நான் வாசலில் நின்று பார்த்தேன். இனிமேல் ஒற்றை அடுப்பை நம்புவதில்லை என்று அங்கேயே முடிவு செய்தேன்.

செல்வி என்று ஒருத்தி, முத்தாண்டிக்குப்பத்தில் வீடு. அவள் கை சுத்தம், வாக்கும் சுத்தம். அவள் வீட்டுக்காரர் ஏழுமலை சுரங்கத்தில் கான்ட்ராக்டில் இருந்தவர். பெர்மனென்ட் ஆகும் ஆகும் என்று காத்திருந்து அலுத்துப்போய் லோடு ஆட்டோ வாங்கிவிட்டார். செல்வி சமைப்பாள், அவர் கொண்டுவந்து சேர்ப்பார். ஒருநாளும் சிந்தாது. எப்படி என்று கேட்டால், "சாம்பாருக்குக் கல்யாணப் பொண்ணு மாதிரி நடுவுல எடம் குடுத்துட்டு நான் ஓரமா ஒக்காந்துகினு வரேம்மா" என்பார்.

அந்தச் செல்வியிடம்தான் கேட்டேன். "உன்ன மாதிரியே வேற ஊர்ல யாராச்சும் இருக்காங்களா? ரோடு வேறயா இருக்கணும்."

"ஏன் இல்லாம? வடலூராண்ட எங்க தனம் இருக்கு. குள்ளஞ்சாவடியில கலா இருக்கு. ரெண்டும் எங்க வகையறாவுல வாக்கப்பட்டதுங்கதான். நான் சொன்னா தட்டாதுங்க."

சொந்தம் என்றால் இன்னும் நல்லது என்று நினைத்தேன். ஒருத்திக்கு முடியாவிட்டால் இன்னொருத்தி தோள் கொடுப்பாள், சண்டை வராது. ஷெட்டை விட்டுவிட்டோம். மூன்று ஊர், மூன்று ரோடு, மூன்று அடுப்பு, மூன்று வண்டி. மூவரிடமும் ஒருநாளுக்கு மேலேயே அரிசியும் உளுந்தும் இருக்கும். கரண்ட் போனாலும் மாவு இருக்கும். தைப்பூசத்துக்கு வடலூர் ரோடு அசையாமல் நின்றுபோகும். அன்றைக்குத் தனத்தின் பங்கையும் மற்ற இரண்டு பேரும் சேர்த்துச் செய்தார்கள். வார்டில் யாருக்கும் தெரியவில்லை.

சாயங்காலம் வேலை முடிந்ததும் மூன்று மூடியைத் தரையில் வைப்பேன். ஒன்றைக் கவிழ்ப்பேன். மழையில் முத்தாண்டிக்குப்பத்துக்குப் போகிற பண்ருட்டி ரோடு போய்விட்டது, செல்வி இல்லை. மற்ற இரண்டும் தாங்குமா? தாங்கும். அடுத்ததைக் கவிழ்ப்பேன். அதுவும் தாங்கும். மூன்றையும் ஒரே தடவையில் கவிழ்க்கிற கை எதுவென்று எனக்குத் தோன்றவே இல்லை.

இதில் இன்னொன்றும் நடந்தது, அதை யாரும் கவனிக்கவில்லை. எங்கள் வண்டி தவறாமல் வந்ததால், வார்டில் சர்க்கரைக்காரர்களுக்கு வண்டி வருவதற்கு முன்பே ஊசி போட்டுவிடும் பழக்கம் வந்துவிட்டது. ஊசி போட்டால் உடனே சாப்பிட வேண்டும். சாப்பிடாவிட்டால் சர்க்கரை இறங்கிக் கை நடுங்கும், மயக்கம் வரும், வயதானவர்களுக்கு அதற்கு மேலேயும் ஆகும். வார்டைப் பார்த்துக்கொண்ட ஸ்டெல்லா சிஸ்டர் எல்லோரிடமும் சொல்வார்: "கடியாரம் நின்னாலும் நிக்கும், இந்தம்மா வண்டி நிக்காது." அதைக் கேட்கும்போதெல்லாம் நான் முந்தானையைச் சரி செய்துகொண்டு கொஞ்சம் நிமிர்ந்து நடந்திருக்கிறேன்.

ஒருநாள் செல்வி சொன்னாள், "எங்க மாமனாருக்கு ஒடம்பு முடியலம்மா. மூச்சு இழுக்குது." பாவம் என்றேன். மறுநாள் தனம் போனில், "எங்க வூட்டுக்காரரோட பெரியப்பாவுக்கு சீரியஸும்மா." பாவம் என்றேன். அதே வாரத்தில் கலா வந்து, "எங்க வூட்டுப் பெரிய தாத்தா இன்னிக்கோ நாளைக்கோன்னு இருக்காரும்மா, பாத்துட்டு வரேன்" என்று கிளம்பினாள்.

"எந்த ஊருக்குப் போற?"

"முத்தாண்டிக்குப்பத்துக்கு. செல்விக்கா வூட்டுக்கு."

அப்போதுதான் உறைத்தது. மாமனார், பெரியப்பா, தாத்தா எல்லாம் ஒரே ஆள். மூன்று பேரும் பங்காளி வீட்டுக்கு வாழ்க்கைப்பட்டவர்கள். பங்காளி வீட்டில் ஒரு சாவு விழுந்தால், எடுக்கும்வரை எந்தப் பங்காளி வீட்டிலும் அடுப்பு எரியாது. பாதி வெந்த இட்லியாக இருந்தாலும் சேதி வந்ததும் கொட்டிவிடுவார்கள். எனக்குத் தெரியாத வழக்கமா? ஈரோட்டுப் பக்கம் எங்கள் வீட்டிலும் அதேதான். மழையை நினைத்தேன், மரத்தை நினைத்தேன், திருவிழாவை நினைத்தேன். இது மட்டும் கணக்கில் வரவில்லை. அன்று சாயங்காலம் மூன்று மூடியையும் வைத்து, ஒரு விரலால் மூன்றையும் கவிழ்த்துப் பார்த்தேன். அப்புறம் தூக்கம் ஏது?

இதை யாரிடம் சொல்வது? உயிரோடு இருக்கிற மனிதர் செத்தால் என்ன செய்வீர்கள் என்று அவர் மருமகளிடமே கேட்க முடியுமா? காலையில் போன் அடித்தாலே முதலில் பெயரைப் பார்ப்பேன். செல்வி என்று பெயர் வந்தால் எடுக்கவே பயம். அவள் மிளகாய்ப்பொடி தீர்ந்துவிட்டது என்று சொல்லக் கூப்பிட்டிருப்பாள்.

பொறுக்க முடியாமல் பெரியவரைப் பார்க்கப் போனேன். நல்ல மனதோடு போனேன் என்று பொய் சொல்லமாட்டேன். எத்தனை நாள் தாங்குவார் என்று பார்க்கத்தான் போனேன். கட்டிலில் சாய்ந்திருந்தார். மூச்சு வாங்கியது, ஆனால் கண் கூர்மை.

"ஈரோட்டம்மாவா? வர்றவன்லாம் ஆரஞ்சு எடுத்துகினு என் மூஞ்சியப் பாக்கறான். நீ என்னா என் நெஞ்சு ஏறி எறங்கறதையே பாத்துகினு ஒக்காந்துருக்க?"

செல்வி தண்ணீர் எடுக்க உள்ளே போயிருந்தாள். சொல்லிவிட்டேன். ஆஸ்பத்திரி, ஊசி, மூன்று அடுப்பு, எல்லாம். அடிக்க வருவார் என்று நினைத்தேன். அவர் சிரித்தார். சிரித்ததில் இருமல் வந்து, நான் பயந்துபோய் நெஞ்சைத் தடவிவிட்டேன்.

"என் ஒரு உசுருக்கு மூணு ஊர்ல அடுப்பு நிக்குமா! எலக்சன்ல நின்னப்பகூட எனக்கு இந்த மருவாதி கெடைக்கல."

"நீங்க ஒரு வார்த்த சொல்லுங்கய்யா. அடுப்ப அணைக்க வேணாம்னு."

"உசுரோட இருக்கும்போதே எம்பேச்ச எவனும் கேக்கல. செத்த பிறவா கேக்கப்போறானுவ? மொறைய எவனும் விடமாட்டான். விடவும் கூடாது. நீ போயி எங்க வகையறாவே இல்லாத அடுப்பாப் பாரு. சீக்கிரம் பாரு, என்னால ரொம்ப நாள் நிக்க முடியாது."

வீட்டுக்கு வந்து யோசித்தேன். நல்லவள் ஒருத்தியிடம் போய் இன்னொரு நல்லவளைக் கேட்டது என் வேலையில் நான் செய்த பெரிய பிசகு. அவள் யாரைச் சொல்வாள்? அவளுக்குத் தெரிந்தவளைத்தான் சொல்வாள். அவளுக்குத் தெரிந்தவள் அவள் வீட்டுச் சாவுக்கும் கல்யாணத்துக்கும் போகிறவளாகத்தான் இருப்பாள். நீங்களும் அப்படித்தான் கேட்பீர்கள், எல்லோரும் அப்படித்தான் கேட்கிறோம். கேளுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. கேட்டுவிட்டு, இரண்டு பேரும் ஒரே பந்தியில் உட்காருகிறவர்களா என்று பாருங்கள்.

டவுன்ஷிப்பில் எங்கள் பிளாக்கிலேயே திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்த பேச்சியம்மாள் இருந்தாள். வீட்டுக்காரருக்குச் சுரங்கத்தில் பெர்மனென்ட் வேலை, குவார்ட்டர்ஸ். பேச்சு குறைவு. கோயிலில் பார்த்தால் சிரிப்பாள், அவ்வளவுதான். அவள் வீட்டுக்குப் போய், காபி ஆறும்வரை சுற்றி வளைத்துவிட்டுக் கேட்டேன்.

"இந்தப் பக்கத்துல உங்களுக்குச் சொந்தம் யாருங்க?"

அவள் முகம் வாடிவிட்டது. "ஒருத்தரும் இல்லக்கா. நல்லது பொல்லாததுக்கு வந்து நிக்க ஒரு நாதி கெடையாது. எல்லாம் ஊர்ல."

"இந்த ஊர்ல கொடுத்தது, எடுத்தது?"

"ஒண்ணும் கெடையாது. அனாத மாதிரி கெடக்கோம்."

அவள் கண் கலங்கிக்கொண்டிருந்தது. எனக்கோ உள்ளுக்குள் குளிர்ந்தது. கையைப் பிடித்துக்கொண்டு, "நீங்கதாங்க எனக்கு வேணும்" என்றேன். இந்தம்மாவுக்குப் புத்தி பிசகிவிட்டதா என்பதுபோல் பார்த்தாள்.

வேண்டும்போது கூப்பிடுகிறேன் என்று அவளை விட்டுவைக்கவில்லை. அன்றாடம் எரியாத அடுப்பு அவசரத்துக்குக் கை கொடுக்காது. அளவு தெரியாது, உப்பில்லாமல் செய்ய வராது, எந்தப் பாத்திரம் எந்தக் கட்டிலுக்கு என்று தெரியாது. ஆகவே சர்க்கரைக்காரர்களின் சாப்பாட்டை மூவரிடமிருந்தும் எடுத்துப் பேச்சியம்மாளுக்குக் கொடுத்தேன். அவள் பாத்திரத்தையும் ஏழுமலைதான் போகிற வழியில் ஏற்றிக்கொள்வார். குழுவில் நெருப்பு பற்றிக்கொண்டது. காரணத்தைச் சொல்ல வாய் வரவில்லை. தனம் குழுக்கூட்டத்தில் எழுந்து நின்று கேட்டாள்.

"நாங்க வெச்ச சோத்துல என்னா கொற கண்டீங்க? வெசமா வெச்சோம்? நேத்து வந்தவளுக்கு எங்க வாய்லேர்ந்து புடுங்கிக் குடுக்கறீங்க."

"ஒரு கொறயும் இல்ல தனம்."

"கொற இல்லன்னா ஏன் குடுக்கறீங்க? எங்க மேல நம்பிக்க இல்ல, அதானே?"

செல்வி என்னைப் பார்க்காமல் எழுந்து வெளியே போனாள். அதுதான் அதிகமாக வலித்தது. ஏழுமலைதான் வண்டியில் ஏறிக்கொண்டே, "வுடு தனம், அம்மா எதுக்கோ பயப்படறாங்க. பயந்தவங்க பேச்ச ஒரு மாசம் கேட்டுப் பாப்போம்" என்றார். அவருக்குத் தெரிந்திருந்ததோ என்னவோ. நான் கேட்கவில்லை.

அடுத்தது ஸ்டெல்லா சிஸ்டர். இதற்குத்தான் எனக்கு அதிக நாள் பிடித்தது. இரண்டு முறை ஆஸ்பத்திரி வாசல்வரை போய்த் திரும்பினேன். எங்கள் வண்டி நிற்காது என்று ஊரெல்லாம் சொல்பவரிடம் போய், எங்கள் வண்டியை நம்பாதீர்கள் என்று நானே எப்படிச் சொல்வது? மூன்றாவது முறை உள்ளே போய்விட்டேன்.

"சிஸ்டர், இனிமே தட்டு கையில வந்த பிறகு ஊசி போடுங்க. வண்டி வரும்னு நம்பிப் போடாதீங்க."

"என்னம்மா, வண்டிக்கு என்ன ஆச்சு?"

"ஒண்ணும் ஆகல. ஆனா ஆகும்."

"எத்தன வருஷம் மார்தட்டினீங்க! இப்ப நீங்களே வந்து கடியாரத்தக் கழட்டி வைக்கறீங்க?"

"ஆமாங்க, நானேதான் கழட்டறேன்."

அவர் சிரிப்பதை நிறுத்தினார். சரி என்றார். வெளியே வந்தபோது எனக்கு அழுகை வந்தது. உங்களுக்கும் இப்படி ஒருநாள் வரும். உங்களைப் புகழ்கிறவரிடமே போய் அந்தப் புகழைக் குறைத்துக்கொள்ளச் சொல்ல வேண்டிவரும். அன்றைக்கு வாசலோடு திரும்பிவிடாதீர்கள்.

அதற்குப் பிறகு நடந்ததுதான் வேடிக்கை. பெரியவர் தேறிவிட்டார். எழுந்து உட்கார்ந்தார், தெருவில் நடந்தார், செல்வியிடம் மீன்குழம்பு கேட்டார். என்னைக் கண்டால், "இன்னும் ரெண்டு நாள் பொறுத்துக்க ஈரோட்டம்மா" என்பார். மாதங்கள் போயின. குழுவில் முணுமுணுப்பு வளர்ந்தது. இனி எதற்கு நாலாவது அடுப்பு, பழையபடி விடலாமே என்றார்கள். எனக்கே ஒருநாள் அப்படித் தோன்றியது. ஆனால் அவர் தேறியதால் மூவரும் பங்காளி இல்லை என்று ஆகிவிடுமா? கோடு அப்படியே இருக்கிறது. விடவில்லை. காலையில் போனைப் பார்த்துப் பயப்படுவதையும் விடவில்லை.

ஒரு விடியலில் போன் வந்தது. கலா. அழுகையில் முதலில் ஒன்றும் விளங்கவில்லை.

"பெரியவரா?" என்றேன்.

"இல்லம்மா... ஏழுமல மாமா. நெஞ்சு வலிக்குதுன்னு தண்ணி கேட்டாராம். செல்விக்கா சொம்பு எடுத்துகினு வரதுக்குள்ள பூட்டாரும்மா."

கலா இன்னும் பேசிக்கொண்டிருந்தாள். அடுப்பை அணைத்துவிட்டோம், மாவைக் கொட்டிவிட்டோம் என்றாள். செல்வியிடம் ஓட வேண்டும் என்று கால் சொன்னது. கை ஆஸ்பத்திரி நம்பரை அழுத்தியது. என் காலும் கையும் அன்றைக்கு வேறு வேறு ஆளாக இருந்தன.

"சிஸ்டர், ஊசி போட்டாச்சா?"

"தட்டு வராம போடக்கூடாதுன்னு நீங்கதானே சொன்னீங்க. போடல..." பேச்சு நின்றது. யாரையோ அதட்டுவது கேட்டது. திரும்பி வந்தபோது குரல் மாறியிருந்தது. "அம்மா, ஜன்னலோரம் இருக்கற பாட்டிக்கு, புதுசா வந்த பொண்ணு இப்பத்தான் போட்டிருக்கா. வண்டி எங்க வருது?"

"மூணு வண்டியும் வராதுங்க. இனிமே வேற யாருக்கும் போட வேணாம். பாட்டி பக்கத்துலயே சர்க்கரத் தண்ணியோட ஒக்காருங்க. சாப்பாடு வருது."

பேச்சியம்மாள் வீட்டுக்கு ஓடினேன். அவள் அடுப்பில் முதல் ஈடு இறங்கிக்கொண்டிருந்தது. விஷயத்தைச் சொன்னதும் அவள் ஒரு கேள்வியும் கேட்கவில்லை. நைட் ஷிப்ட் முடிந்து அப்போதுதான் வந்து செருப்பைக் கழற்றிய வீட்டுக்காரரிடம் தூக்குவாளியைக் கொடுத்து, "குடுத்துட்டு வாங்க, பொறவு தூங்கலாம்" என்றாள். அந்த மனிதர் முகம்கூடக் கழுவாமல் ஸ்கூட்டரை எடுத்தார். பாட்டி சாப்பிட்டுவிட்டார் என்று சிஸ்டர் சொல்லும்வரை நான் அந்தச் சமையலறையில் உப்பு டப்பாவைக் கையில் வைத்துக்கொண்டு நின்றிருக்கிறேன். எதற்கு எடுத்தேன் என்று எனக்கே தெரியாது.

அப்புறம் எனக்கு மூச்சு வந்தது. ஒரே அடுப்பால் எல்லோருக்கும் ஆகாது. சர்க்கரைக்காரர்களுக்கும் ஆபரேஷன் ஆனவர்களுக்கும் பேச்சியம்மாள். மற்றவர்களுக்கு என் வீட்டு அடுப்பில் ரவைக்கஞ்சி. இட்லி இல்லையா என்று வார்டில் கோபித்தார்களாம். கோபிக்கட்டும். வழக்கத்தைவிட நேரமாயிற்று, ஆனால் யாரும் பட்டினி இல்லை. கடைசிப் பாத்திரம் போன பிறகுதான் முத்தாண்டிக்குப்பத்துக்குப் பஸ் ஏறினேன்.

சாவு வீட்டில் ஊரே இருந்தது. செல்வி என்னைப் பார்த்துவிட்டுத் தலையைத் திருப்பிக்கொண்டாள். தனம் எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னாள், "இப்பத்தான் வழி தெரிஞ்சுதா? நல்லா இருந்தப்ப வண்டியக் கொண்டான்னு கூப்பிடத் தெரிஞ்சுது."

நான் அவளைத் தாண்டிப் போனேன். ஏழுமலையைப் பார்த்தேன். தூங்குகிறவர்போலத்தான் இருந்தார். எனக்குக் கண்ணீர் வரவில்லை.

பந்தலின் ஓரத்தில் பிளாஸ்டிக் நாற்காலியில் பெரியவர் உட்கார்ந்திருந்தார். மகனைக் கிடத்தியிருந்த பக்கம் அவர் பார்க்கவே இல்லை. விரலால் என்னைக் கூப்பிட்டார். பக்கத்தில் போய்க் குனிந்தேன்.

"காலச் சோறு போச்சா?"

"போச்சுங்கய்யா."

"எல்லாருக்குமா?"

"எல்லாருக்கும். கொஞ்சம் நேரமாயிடுச்சு."

"சாப்ட்டாங்களா?"

"சாப்ட்டாங்க."

தலையை ஆட்டினார். அந்த ஆட்டம் நிற்காமல் தாடை நடுங்கத் தொடங்கியது. என் கையைப் பிடித்துத் தரைப் பக்கம் இழுத்தார்.

"அப்படின்னா ஒக்காரு. ஒக்காந்து அழு."

உட்கார்ந்தேன்.